கைகளால் பேசிய ஆசான்

சுவா சூ காங்கிலிருந்து நகரத்தை நோக்கிச் செல்லும் பெருவிரைவு ரயிலில், சில நேரங்களில் கைகளால் உரையாடும் பயணிகளைக் காணலாம். ரயிலின் இரைச்சல் அவர்களுடைய பேச்சைத் தடுப்பதில்லை. ஒருவர் நடைமேடையில் இறங்கிவிட்டார், கதவுகளும் மூடிவிட்டன. ஆயினும் கண்ணாடி வழியாகவே அவர் மீதிச் செய்தியையும் சொல்லி முடித்துவிடுவார். அவர்கள் பேசுவது சிங்கப்பூர் சைகை மொழி. அது ஆங்கிலத்தையோ மாண்டரினையோ கைகளால் காட்டும் முறை அன்று. தனக்கெனச் சொற்களும் இலக்கணமும் உடைய தனி மொழி.

ஒவ்வொரு மொழிக்கும் ஒரு வரலாறு உண்டு. சிங்கப்பூர் சைகை மொழியில் உள்ள சைகைகள் பல, கடல் கடந்து வந்தவை. அவற்றுள் ஒரு பகுதி வந்த வழியைத் தேடிப் பின்னோக்கிச் சென்றால், 200 ஆண்டுகளுக்கு முன் பிரான்சிலிருந்து அமெரிக்காவுக்குக் கப்பலேறிய இளைஞர் ஒருவரைச் சந்திப்போம். அவர் பெயர் லோரான் கிளேர். அவருக்குக் காது கேட்காது. வாயால் பேசவும் மாட்டார். ஆனால், ஒரு நாட்டின் காது கேளாத பிள்ளைகளுக்குக் கல்வியின் கதவைத் திறந்துவிட்டவர் அவர்.

இளமைப் பருவம்

பிரான்சில் லியோன் நகருக்கு அருகே லா பால்ம் என்ற சிற்றூர் உள்ளது. அங்கு 1785ஆம் ஆண்டு டிசம்பர் 26ஆம் நாள் கிளேர் பிறந்தார். அவருடைய தந்தை ஊரில் மதிப்புமிக்க பதவியில் இருந்தவர். கிளேருக்கு ஒரு வயது இருக்கும்போது, அமர்ந்திருந்த நாற்காலியிலிருந்து அடுப்பு நெருப்பில் விழுந்துவிட்டார். வலக் கன்னத்தில் ஆழமான தீக்காயம் ஏற்பட்டது. அதன்பின் அவருக்குக் காது கேட்கவில்லை என்பதையும் வாசனை தெரியவில்லை என்பதையும் பெற்றோர் உணர்ந்தனர். அந்த விபத்தினால்தான் கேட்கும் திறன் போயிற்றா, பிறக்கும்போதே அது இல்லையா என்பது கிளேருக்கே உறுதியாகத் தெரியாது.

தாய் அவரை லியோன் நகர மருத்துவரிடம் அழைத்துச் சென்றார். மருத்துவர் காதுகளில் மருந்து நீரை ஊற்றிப் பார்த்தார். பலன் கிடைக்கவில்லை. பிறகு 12 வயது வரை கிளேர் பள்ளிக்கூடத்தையே பார்க்கவில்லை. மாடுகளை மேய்ச்சலுக்கு ஓட்டிச் செல்வதும், தந்தையின் குதிரைக்குத் தண்ணீர் காட்டுவதுமாக அவருடைய நாள்கள் கழிந்தன. பசி, தூக்கம், போதல், வருதல் போன்ற எளிய செய்திகளை வீட்டாருடன் கைச்சாடையில் பரிமாறிக்கொள்ள முடிந்தது. ஆனால், மனத்தில் எழும் கேள்விகளைக் கேட்க அந்தச் சாடைகள் போதவில்லை. அறிவு நிறைந்த ஒரு சிறுவன், மொழி இல்லாமல் வளர்ந்துகொண்டிருந்தான்.

அக்காலத்தில் காது கேளாத பிள்ளைகள் பெரும்பாலோரின் நிலை இதுதான். அவர்களுக்குக் கல்வி கற்பிக்கவே இயலாது என்று பலரும் நம்பினர். பேச்சு இல்லாதவருக்குச் சிந்தனையும் இருக்காது என்று கருதியவர்களும் உண்டு.

தன்னைப் போன்றவர்கள்

இந்த நம்பிக்கை தவறு என்று காட்டிய பள்ளி ஒன்று பாரிஸ் நகரில் இருந்தது. அதைத் தொடங்கியவர் லெப்பே என்ற பாதிரியார். பாரிஸில் வாழ்ந்த காது கேளாதோர் தமக்குள் சைகைகளால் பேசிக்கொள்வதை அவர் கவனித்தார். அந்தச் சைகைகளைக் கற்று, அவற்றின் வழியாகவே எழுத்தையும் படிப்பையும் கற்பித்தார். ஏழைப் பிள்ளைகளிடம் கட்டணம் வாங்கவில்லை.

1797ஆம் ஆண்டு, கிளேரின் மாமா அவரை அந்தப் பள்ளியில் கொண்டுபோய்ச் சேர்த்தார். அப்போது லெப்பே உயிருடன் இல்லை. சிக்கார் என்ற பாதிரியார் பள்ளியை நடத்திவந்தார். கிளேருக்கு முதன்முதலில் பாடம் சொன்னவர் ழான் மசியூ. அவரும் காது கேளாதவரே. அவருடைய உடன்பிறப்புகளுக்கும் காது கேட்காது. சிறுவயதில் ஆடு மேய்த்த மசியூ, சிக்காரிடம் படித்து ஆசிரியராக உயர்ந்தவர். தன்னைப் போன்ற ஒருவர் வகுப்பின் முன் நின்று கற்பிப்பதைக் கிளேர் கண்டார். காது கேளாதவர் கற்கவும் முடியும், கற்பிக்கவும் முடியும் என்பதை அவருக்கு யாரும் தனியாக விளக்க வேண்டியிருக்கவில்லை.

அங்கே கிளேருக்கு ஒரு புதிய பெயரும் கிடைத்தது. காது கேளாதோர் ஒருவரையொருவர் சைகைப் பெயரால் அழைப்பது வழக்கம். ஒருவரின் தோற்றமோ பழக்கமோ அந்தப் பெயருக்கு அடிப்படையாக அமையும். இரண்டு விரல்களால் கன்னத்தை மெல்லத் தடவுவதே கிளேரின் சைகைப் பெயர். சிறுவயதில் பட்ட தீக்காயத்தின் தழும்பு, நண்பர்கள் அன்போடு அழைக்கும் பெயராக மாறிவிட்டது.

பள்ளியில் எல்லா அனுபவங்களும் இனியவையாக இருக்கவில்லை. துணை ஆசிரியர் ஒருவர் கிளேருக்கு வாய்ப்பேச்சைக் கற்பிக்க முயன்றார். சில சொற்களைக் கிளேர் ஒருவாறு உச்சரித்தார். ஆனால், ஒன்றுக்கொன்று நெருக்கமான இரண்டு ஒலிகளை எவ்வளவு முயன்றும் அவரால் வேறுபடுத்தி ஒலிக்க முடியவில்லை. பொறுமையிழந்த ஆசிரியர் ஒருநாள் அவருடைய முகவாயில் ஓங்கி அடித்தார். பற்களுக்கிடையே நாக்கு கடிபட்டது. இனி வாயால் பேசக் கற்பதில்லை என்று கிளேர் அன்றே முடிவு செய்தார். அந்த முடிவை அவர் வாழ்நாள் முழுவதும் மாற்றிக்கொள்ளவில்லை. சைகையும் எழுத்துமே அவருடைய மொழிகளாயின. அந்த இரண்டிலும் அவர் மிகுந்த தேர்ச்சி பெற்றார். இருபது வயதளவில் அதே பள்ளியில் உதவி ஆசிரியரானார். பின்னர் உயர் வகுப்புக்கே பாடம் நடத்தினார்.

லண்டனில் ஒரு சந்திப்பு

அதே காலத்தில், அமெரிக்காவின் ஹார்ட்ஃபோர்ட் நகரில் ஆலிஸ் கோக்ஸ்வெல் என்ற சிறுமி வாழ்ந்தாள். இரண்டு வயதில் வந்த கடுங்காய்ச்சலால் அவள் கேட்கும் திறனை இழந்தாள். அவளுடைய தந்தை புகழ்பெற்ற அறுவை மருத்துவர். ஆனாலும் மகளைச் சேர்க்க அந்த நாட்டில் ஒரு பள்ளிகூட இல்லை. பக்கத்து வீட்டைச் சேர்ந்த தாமஸ் கேலடெட் என்ற இளைஞர், ஆலிஸுக்கு ஒருசில சொற்களை எழுதக் கற்பித்தார். அவளுடைய ஆர்வத்தைக் கண்ட தந்தை, நண்பர்களிடம் நிதி திரட்டி, கற்பிக்கும் முறையை அறிந்துவருமாறு 1815ஆம் ஆண்டு கேலடெட்டை ஐரோப்பாவுக்கு அனுப்பினார்.

கேலடெட் முதலில் பிரிட்டனுக்குச் சென்றார். அங்கு இத்தகைய பள்ளிகளை ஒரே குடும்பத்தினர் நடத்தினர். அவர்கள் தங்கள் முறையைத் தொழில் இரகசியமாகக் காத்துவந்தனர். அவர்கள் விதித்த நிபந்தனைகளை ஏற்கக் கேலடெட் விரும்பவில்லை. மாதங்கள் வீணாயின.

அதே ஆண்டு, பிரான்சில் நெப்போலியன் மீண்டும் ஆட்சிக்கு வந்ததால் அரசியல் குழப்பம் நிலவியது. சிக்கார் தம் மாணவர்களான மசியூ, கிளேர் இருவரையும் அழைத்துக்கொண்டு லண்டனுக்கு வந்தார். அங்கே அவர்கள் பொதுமக்கள் முன்னிலையில் தங்கள் கல்வியை வெளிப்படுத்தினர். பார்வையாளர்கள் கடினமான கேள்விகளைக் கேட்டனர். அவற்றைச் சிக்கார் சைகையால் தெரிவித்தார். மசியூவும் கிளேரும் தங்கள் விடைகளைக் கரும்பலகையில் எழுதினர். அந்த விடைகளின் ஆழத்தைக் கண்டு மக்கள் வியந்தனர். கூட்டத்தில் ஒருவராகக் கேலடெட்டும் அமர்ந்திருந்தார். தாம் தேடிவந்தது கிடைத்துவிட்டது என்று அவருக்குத் தோன்றியது.

சிக்காரின் அழைப்பை ஏற்று 1816இல் கேலடெட் பாரிஸுக்குச் சென்றார். அங்கே கிளேரிடம் சைகை மொழி கற்றார். சில மாதங்களிலேயே கையிலிருந்த பணம் குறைந்தது. கற்கவேண்டியதோ மிகுதியாக இருந்தது. முறையை மட்டும் எடுத்துச் சென்றால் போதாது, கற்பிக்கத் தகுந்த ஆசிரியரையே அழைத்துச் செல்லவேண்டும் என்று கேலடெட் எண்ணினார். தம்முடன் அமெரிக்காவுக்கு வருமாறு கிளேரைக் கேட்டார்.

கிளேருக்கு அப்போது 30 வயது. பாரிஸில் நல்ல வேலை, நண்பர்கள், பழகிய சைகை மொழி எல்லாம் இருந்தன. அமெரிக்காவிலோ அவருக்கு ஒருவரையும் தெரியாது, ஆங்கிலமும் தெரியாது. அவரை இழக்கச் சிக்கார் தயங்கினார். மகனைப் பிரியத் தாயும் விரும்பவில்லை. ஆனால், பள்ளியே இல்லாத நாட்டில் தம்மைப் போன்ற பிள்ளைகள் மொழியின்றி வளர்கிறார்கள் என்ற எண்ணம் கிளேரை விடவில்லை. தாமும் 12 வயது வரை அப்படி வாழ்ந்தவரே அல்லவா? மூன்று ஆண்டுகள் மட்டும் பணியாற்றித் திரும்புவதாக ஒப்பந்தம் செய்துகொண்டு அவர் புறப்பட்டார்.

52 நாள் பயணம்

1816 ஜூன் 18ஆம் நாள் கப்பல் புறப்பட்டது. காற்றின் போக்கை நம்பிச் செல்லும் பாய்மரக் கப்பல் அது. நியூயார்க்கை அடைய 52 நாள்கள் பிடித்தன. அந்த நாள்களை இருவரும் வீணாக்கவில்லை. கிளேர் தினமும் ஆங்கிலத்தில் நாட்குறிப்பு எழுதினார். கேலடெட் பிழைகளைத் திருத்தினார். கேலடெட்டுக்குக் கிளேர் சைகை மொழியைக் கற்பித்தார். ஒரே கப்பலில், ஒருவருக்கொருவர் ஆசிரியராகவும் மாணவராகவும் அவர்கள் இருந்தனர்.

ஹார்ட்ஃபோர்டில் ஆலிஸ் காத்திருந்தாள். அவளுக்கு அப்போது 11 வயது இருக்கும். தன்னைப் போலவே காது கேளாத ஒருவர், நூல்கள் பல கற்றவராக, ஓர் ஆசிரியராகத் தன் எதிரில் நிற்பதை அவள் கண்டாள். அவர்கள் இருவரும் சைகைகளால் உரையாடத் தொடங்கினர்.

பள்ளி தொடங்கப் பணம் வேண்டும். கிளேரும் கேலடெட்டும் பல நகரங்களுக்குச் சென்றனர். கிளேர் எழுதிய உரைகளைக் கேலடெட் படித்துக்காட்டினார். மக்கள் கேட்ட கேள்விகளுக்குக் கிளேர் ஆங்கிலத்தில் எழுதி விடையளித்தார். காது கேளாதவருக்குக் கல்வி வருமா என்ற ஐயத்துக்கு, அவரே நேரில் நிற்கும் விடையாக இருந்தார்.

1817ஆம் ஆண்டு ஏப்ரல் 15ஆம் நாள், ஹார்ட்ஃபோர்டில் பள்ளி திறக்கப்பட்டது. முதலில் சேர்ந்தவர்கள் ஏழு பேர். அவர்களுள் ஆலிஸும் ஒருத்தி. 51 வயதான ஓவியர் ஒருவரும் அந்த வகுப்பில் இருந்தார். வாழ்நாளில் பாதிக்கு மேல் கடந்தபின் அவருக்கு ஒரு பள்ளிக்கூடம் கிடைத்தது. அந்தப் பள்ளி இன்றும் அமெரிக்கக் காது கேளாதோர் பள்ளி என்ற பெயரில் இயங்கிவருகிறது.

ஒரு மொழி பிறக்கிறது

கிளேர் கொண்டுவந்தது பிரெஞ்சுச் சைகை மொழி. ஆனால், மாணவர்களும் வெறுங்கையோடு வரவில்லை. ஒவ்வொருவரும் தம் வீட்டில் பயன்படுத்திய சாடைகளைக் கொண்டுவந்தனர். மார்த்தாஸ் வினியார்ட் என்ற தீவிலிருந்தும் மாணவர்கள் வந்தனர். அந்தத் தீவில் பரம்பரையாகப் பலருக்குக் காது கேட்பதில்லை. அதனால் காது கேட்கும் மக்களும் அங்கே சைகையால் பேசுவது இயல்பாக இருந்தது. இவை எல்லாம் விடுதியிலும் வகுப்பிலும் விளையாட்டுத் திடலிலும் கலந்தன. அந்தக் கலப்பிலிருந்து அமெரிக்கச் சைகை மொழி உருவாயிற்று.

அமெரிக்கரும் பிரிட்டிஷாரும் ஆங்கிலமே பேசுகின்றனர். ஆனால், அவ்விரு நாட்டுச் சைகை மொழிகளும் வேறு வேறு. பிரிட்டனில் ஆங்கில எழுத்துகளை இரு கைகளால் காட்டுவர். அமெரிக்காவில் பிரெஞ்சு வழக்கத்தைப் பின்பற்றி ஒரே கையால் காட்டுவர். சைகை மொழி, பேச்சு மொழியைப் பார்த்து எழுதிய நகல் அன்று என்பதற்கு இது ஒரு சான்று. அதற்கெனத் தனி இலக்கணமும் உண்டு. அமெரிக்கச் சைகை மொழியில், ஆம் அல்லது இல்லை என்று விடை சொல்லக்கூடிய கேள்வியைக் கேட்கும்போது புருவங்களை உயர்த்த வேண்டும். கொடுத்தல் என்பதைக் காட்டும்போது, கை நகரும் திசையே யார் யாருக்குக் கொடுத்தார் என்பதைச் சொல்லிவிடும். தமிழில் வேற்றுமை உருபும் வினைமுடிவும் செய்யும் பணியை, அங்கே கையின் திசை செய்கிறது.

பள்ளியின் புகழ் பரவியது. 1818இல் கிளேர் தலைநகர் வாஷிங்டனுக்குச் சென்று நாடாளுமன்றத்தையும் அதிபர் மன்ரோவையும் கண்டார். அடுத்த ஆண்டு, பள்ளியின் வருவாய்க்காக ஏறத்தாழ 23,000 ஏக்கர் நிலத்தை நாடாளுமன்றம் வழங்கியது. மற்ற மாநிலங்களில் பள்ளி தொடங்க விரும்பியோர் கிளேரிடம் வந்து பயிற்சி பெற்றனர். அவருடைய மாணவர்கள் பலர், காது கேளாத ஆசிரியர்களாகப் பல ஊர்களுக்குச் சென்றனர். மசியூ கிளேருக்குக் கொடுத்தது, இப்படிப் பலருடைய கைகளுக்குச் சென்று சேர்ந்தது.

இல்லறமும் இறுதிக்காலமும்

எலைசா போர்டுமன் என்ற பெண் அந்தப் பள்ளியில் படித்தவர். அவருக்கும் காது கேட்காது. கிளேரும் அவரும் மணம்செய்ய விரும்பினர். நெருங்கிய நண்பரான கேலடெட்டே முதலில் இதை ஏற்கவில்லை. பிறக்கும் குழந்தைகளுக்கும் காது கேளாமல் போய்விடும் என்று அவர் அஞ்சினார். காது கேளாதோரின் கல்விக்காகத் தம்மையே ஒப்படைத்த ஒருவரிடம்கூட அத்தகைய தயக்கம் இருந்தது. கிளேர் தம் முடிவில் உறுதியாக நின்றார். 1819ஆம் ஆண்டு மே மாதம் அவர்களுடைய திருமணம் நடந்தது. அவர்களுக்குப் பிறந்த ஆறு குழந்தைகளுக்கும் காது கேட்டது. ஆனால், குழந்தைகளுக்குக் கேட்டிருக்காவிட்டாலும் அந்தக் குடும்பத்தில் மொழிக்குப் பஞ்சம் இருந்திருக்காது.

மூன்று ஆண்டு ஒப்பந்தம் முடிந்தது. கிளேர் பிரான்சுக்குத் திரும்பிக் குடியேறவில்லை. மூன்று முறை மட்டும் தாய்நாட்டுக்குச் சென்று உறவினரையும் நண்பர்களையும் பார்த்துவந்தார். 1858 வரை, 41 ஆண்டுகள் அந்தப் பள்ளியிலேயே கற்பித்தார். 1864ஆம் ஆண்டு, காது கேளாதோருக்கான கல்லூரி வாஷிங்டனில் தொடங்கப்பட்டது. அதற்குத் தலைமை தாங்கியவர் கேலடெட்டின் மகன். தொடக்க விழாவில் 78 வயது முதியவரான கிளேர் கலந்துகொண்டு உரையாற்றினார். அந்தக் கல்லூரியே இன்றைய கேலடெட் பல்கலைக்கழகம். 1869ஆம் ஆண்டு ஜூலை 18ஆம் நாள், ஹார்ட்ஃபோர்டில் தம் 83ஆம் வயதில் கிளேர் காலமானார்.

கைமாறி வந்த மொழி

கிளேர் மறைந்து 11 ஆண்டுகளில் பெரும் சோதனை வந்தது. 1880இல் இத்தாலியின் மிலான் நகரில் கூடிய கல்வியாளர் மாநாடு, காது கேளாத பிள்ளைகளுக்கு வாய்ப்பேச்சின் வழியாகவே கற்பிக்க வேண்டும் என்று தீர்மானித்தது. அந்தக் கூட்டத்தில் காது கேளாதோர் ஏறக்குறைய இல்லை என்றே சொல்லலாம். அதன்பின் பல நாடுகளின் வகுப்பறைகளில் சைகை மொழி தடை செய்யப்பட்டது. சைகை செய்த பிள்ளைகள் தண்டிக்கப்பட்டனர். காது கேளாத ஆசிரியர்கள் பலர் வேலை இழந்தனர். பிள்ளைகளோ ஆசிரியரின் கண்ணில் படாமல், விடுதிகளில் தமக்குள் சைகையால் பேசி அந்த மொழியைக் காப்பாற்றினர். 1960இல் வில்லியம் ஸ்டோக்கி என்ற ஆய்வாளர், அமெரிக்கச் சைகை மொழி முழுமையான மொழியே என்பதை மொழியியல் அடிப்படையில் எடுத்துக்காட்டினார்.

சிங்கப்பூரிலும் கிளேரை நினைவூட்டும் ஒருவர் இருந்தார். ஷாங்காயில் பிறந்த பெங் சு யிங், சிறுவயதிலேயே கேட்கும் திறனை இழந்தவர். 1954ஆம் ஆண்டு, அவரும் காது கேளாதவரான அவருடைய மனைவியும் இங்கே ஒரு சைகைப் பள்ளியைத் தொடங்கினர். ஷாங்காயில் கற்ற சைகைகளையே அவர்கள் மாணவர்களுக்குக் கற்பித்தனர். அவர் கார்ப் பந்தய வீரராகவும் விளங்கினார். அந்தப் பள்ளி, 1963இல் உருவான சிங்கப்பூர் காது கேளாதோர் பள்ளியுடன் இணைந்தது. 1970களில் அமெரிக்கச் சைகை மொழி இங்கு வந்தது. ஷாங்காய்ச் சைகைகளும் அமெரிக்கச் சைகைகளும் இந்நாட்டு மக்கள் உருவாக்கிய சைகைகளும் கலந்து, இன்றைய சிங்கப்பூர் சைகை மொழி வளர்ந்துள்ளது. இப்போது மேஃபிளவர் தொடக்கப்பள்ளியிலும் பீட்டி உயர்நிலைப்பள்ளியிலும் காது கேளாத மாணவர்கள், மற்ற மாணவர்களோடு சேர்ந்து படிக்கின்றனர். அங்கே சைகை மொழியும் பயன்படுத்தப்படுகிறது.

தமிழ்க் குழந்தை தமிழை வீட்டில் கேட்டு வளரலாம். சைகை மொழியோ பெரும்பாலும் அப்படி வருவதில்லை. காது கேளாத பிள்ளைகளில் மிகப் பலர், காது கேட்கும் பெற்றோருக்கே பிறக்கின்றனர். ஆகவே, அவர்கள் தங்கள் மொழியை வீட்டுக்கு வெளியே, தம்மைப் போன்றவர்களிடமிருந்து பெறவேண்டியுள்ளது. அதைக் கொடுக்க ஒருவர் முன்வராவிட்டால், அறிவுள்ள ஒரு குழந்தை மொழியின்றி நின்றுவிடும். கிளேர் அதை அனுபவித்து அறிந்தவர். அதனால்தான் தாம் பெற்ற மொழியைத் தம்மோடு வைத்துக்கொள்ளாமல், கடல் கடந்து சென்று கொடுத்தார். காது கேளாதோர் குறையுள்ளவர்கள் அல்லர், தமக்கென ஒரு மொழியும் பண்பாடும் உடைய மக்கள் என்பதை அவருடைய வாழ்க்கை உலகுக்கு உணர்த்தியது. அவருடைய சைகைகளில் சில, இன்றும் மனிதர்களின் கைகளில் உயிரோடு இருக்கின்றன.